சேதுக்கரைச் சாமிகள் – 14: மாதாவுக்குக் கோபம் வராதா?

போன வாரம் தேவிபட்டினத்தில், கடலுக்குள் நிற்கும் ஒன்பது கற்களோடு நிறுத்தியிருந்தோம். அங்கிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலையில் வடக்கே கிளம்பினால் திருப்பாலைக்குடி. பாக் நீரிணையை ஒட்டிய மீன்பிடி ஊர். முஸ்லிம்கள் கணிசமாக வாழும் ஊர். அதையும் தாண்டினால் உப்பூர், மோர்ப்பண்ணை, காரங்காடு, பிறகு தொண்டி. மகிஷனைக் கொன்ற தேவியின் பெயர் தாங்கிய ஊரில் பஸ் ஏறுகிறவர், பாங்கொலி கேட்கும் திருப்பாலைக்குடியைக் கடந்து, அலையாத்திக் காட்டுக்குப் பக்கத்தில் செங்கோல் மாதா கோயில் இருக்கும் காரங்காட்டில் இறங்கிவிடலாம். டிக்கெட் விலை சொற்பம்தான். கடக்கும் தூரம்தான் பெரிது.

திருப்பாலைக்குடி என்ற பெயரைப் பார்த்ததும் கை துறுதுறுக்கிறது. பாலை நிலத்துக்குத் தெய்வம் கொற்றவை என்று இலக்கண மரபு பிற்காலத்தில் சொல்லிவிட்டதே, அதைப் பிடித்துக்கொண்டு நாலு பக்கம் எழுதிவிடலாம். ஆனால் பாலை என்பது இந்த வறண்ட கரையில் வளரும் மரத்தின் பெயரும்தான். ஊர்ப் பெயரை மட்டும் வைத்துச் சரித்திரம் எழுதப் போனவர்கள் வழுக்கி விழுந்த இடங்கள் தமிழ்நாட்டில் ஏராளம். எனவே கொற்றவையை இங்கே இறக்காமல், வாசகர்கள் இந்தத் தொடர் தொடங்கிய நாளிலிருந்து கேட்டுவரும் கேள்விக்கு வருகிறேன்: “மாதாவும் நம்ம அம்மன்தானே?”

இந்தப் பஸ்ஸில் மூன்று பெண்கள் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருக்கலாம். ஒருத்தி பெயர் மாரியம்மாள், ஒருத்தி மரியம்மாள், மூன்றாமவள் மரியம் பீவி. காதில் விழும் ஒலி ஏறக்குறைய ஒன்று. ஒலி ஒன்று என்பதால் பொருளும் ஒன்று ஆகிவிடாது. மாரி மழை, மற்ற இரண்டும் எபிரேய வழிப் பெயர். ஆனாலும் ‘மாரிதான் மரி ஆனாள்’ என்று முடித்துவிடுவதில் நம்மவர்களுக்கு ஒரு சுகம். அதற்கு எதிர்ப்பக்கம் நின்று, “மாதா தெய்வமே இல்லை, அவளை யாரும் கும்பிடுவதில்லை, பரிந்துரைக்கத்தான் கேட்கிறோம்” என்று ஒரே மூச்சில் சொல்லிவிடும் ஞானோபதேச வகுப்பும் உண்டு. இரண்டு பதிலும் எனக்குப் போதவில்லை.

முதலில் இந்தக் கேள்வி தமிழ்நாட்டில் பிறந்தது அல்ல. கி.பி. 4ஆம் நூற்றாண்டில் சைப்ரஸ் தீவில் எப்பிபானியு என்று ஓர் ஆயர் இருந்தார். தவறான கொள்கைகளையெல்லாம் பட்டியல் போட்டுப் பெரிய நூல் எழுதியவர். அதில் அரேபியப் பக்கத்துப் பெண்கள் சிலரைப் பற்றி எரிச்சலோடு ஒரு குறிப்பு வருகிறது. ஆண்டில் குறிப்பிட்ட நாளில் அவர்கள் ஒரு இருக்கையை அலங்கரித்து, அதன்மேல் துணி விரித்து, அப்பம் வைத்து, மரியாவின் பெயரால் படைத்துவிட்டு, எல்லோருமாகப் பகிர்ந்து உண்கிறார்களாம். படையலைச் செய்கிறவர்களும் பெண்களே. ஆயருக்கு இரட்டைக் கோபம்: மரியாவுக்குப் படைப்பது ஒன்று, பெண்கள் பூசாரிகளாக நிற்பது மற்றொன்று. மரியாவைப் போற்றலாம், ஆராதிப்பது கடவுளை மட்டும் என்று அவர் வரையறுத்தார். திருச்சபை இன்றுவரை அந்தக் கோட்டிலேயே நிற்கிறது.

துணி விரித்து அப்பம் வைத்த அந்தப் பெண்களின் பெயர் ஒன்றுகூட நமக்கு வந்து சேரவில்லை. திட்டியவர் எழுதிவைத்ததால்தான் அவர்கள் இருந்ததே தெரிகிறது. நம் ஊரில் கோயில் வாசலில் பொங்கல் வைக்கும் பெண்களைப் பார்த்தவருக்கு அந்தக் காட்சியை விளக்கிச் சொல்லத் தேவையில்லை.

குர்ஆனின் மாயிதா அத்தியாயத்திலும் இந்தச் சர்ச்சையின் சாயலைக் காணலாம். உன்னையும் உன் தாயையும் கடவுளராகக் கொள்ளும்படி மக்களிடம் நீ சொன்னாயா என்று இறைவன் ஈசா நபியைக் கேட்பதாகவும், அவர் மறுப்பதாகவும் அங்கே வருகிறது. அதே குர்ஆனில் பெயர் சொல்லிக் குறிக்கப்படும் ஒரே பெண் மர்யம்தான். 19ஆம் அத்தியாயத்துக்கே அவர் பெயர். பேறுகால வலியோடு ஒற்றையாகப் பேரீச்ச மரத்தடியில் ஒதுங்கும் மர்யமை அங்கே பார்க்கிறோம். ஆக, திருப்பாலைக்குடி மரியம் பீவிக்கும் இந்தத் தாய் அந்நியள் அல்ல. தெய்வம் இல்லை என்பதில் மட்டும் அவளுக்குக் குழப்பமே கிடையாது.

எப்பிபானியுவின் நூலுக்கு அரை நூற்றாண்டுக்குப் பின், 431இல், எபேசு நகரில் பொதுச்சங்கம் கூடியது. எபேசு யாருடைய ஊர்? அர்த்தமி தேவியின் ஊர். பவுல் அங்கே போதிக்கப் போனபோது, தேவியின் வெள்ளிக் கோயில்கள் செய்து விற்ற தட்டார்கள் பிழைப்புப் போய்விடும் என்று கலகம் செய்த கதை திருத்தூதர் பணிகளில் உண்டு. அந்த ஊரில்தான் மரியாவைக் ‘கடவுளின் தாய்’ என்று அழைக்கலாமா, ‘கிறிஸ்துவின் தாய்’ என்று மட்டும்தான் சொல்ல வேண்டுமா என்ற வழக்கு நடந்தது. கூடாது என்றவர் கான்ஸ்டாண்டிநோபிள் பேராயர் நெஸ்தோரியு. அழைத்தே தீர வேண்டும் என்றவர் அலெக்சாந்திரியாவின் சிரில். சிரில் பக்கம் ஜெயித்தது. அன்று இரவு மக்கள் தீவட்டி பிடித்து ஆயர்களை விடுதிவரை கொண்டுபோய் விட்டதாகவும், பெண்கள் தூபக்கலசம் ஏந்தி முன்னால் போனதாகவும் சிரிலே எழுதுகிறார். வழக்கு உண்மையில் மரியாவைப் பற்றியது அல்ல, இயேசுவிடம் கடவுள் தன்மையும் மனிதத் தன்மையும் எப்படி இணைகின்றன என்பது பற்றியது என்று இறையியலாளர்கள் சொல்வார்கள். சரிதான். தூபக்கலசம் ஏந்திய பெண்கள் எதற்காக மகிழ்ந்தார்கள் என்பது தனிக் கேள்வி.

அந்த வழக்கு தமிழுக்கு வந்தபோது ஒரே சொல்லுக்குள் சுருண்டு படுத்துக்கொண்டது. தேவமாதா. தமிழாசிரியர் யாரையாவது கேளுங்கள், இது என்ன தொகை? ‘தேவனுடைய மாதா’ என்று விரித்தால் வேற்றுமைத்தொகை. எபேசில் ஜெயித்த கட்சியின் சொல். ‘தேவமாகிய மாதா’ என்று விரித்தால் பண்புத்தொகை, மாதாவே தெய்வம். சபை முதல் விரிப்பில் எழுதியது. பக்கத்துத் தெரு மக்கள் இரண்டாவது விரிப்பில் கேட்டார்கள். சொல் ஒன்றுதான், எழுத்துகூட மாறவில்லை.

‘வணக்கம்’ என்ற சொல்லும் இப்படி இடம் மாறியிருக்கிறது. அண்ட்ரிக் அடிகளார் 1578இல் கொல்லத்தில் அச்சிட்ட நூலின் பெயர் ‘தம்பிரான் வணக்கம்’. இந்திய மொழி ஒன்றின் எழுத்தில் இந்தியாவில் அச்சான முதல் புத்தகம் அது. அங்கே வணக்கம் கடவுளுக்கு. பின்னாளில் கடவுளுக்கு ஆராதனை என்றும், புனிதர்களுக்கு வணக்கம் என்றும், மாதாவுக்கு மேலான வணக்கம் என்றும் பாகம் பிரித்தார்கள். படங்களுக்குச் செய்யும் மரியாதை வேறு, கடவுளுக்குரிய ஆராதனை வேறு என்று 787இல் நிசேயாவில் கூடிய சங்கம் வகுத்ததன் தமிழ் வடிவம் இது. இப்போது மே மாதம் முழுக்க மாதா வணக்க மாதம். தம்பிரானின் சொல் தாயிடம் போய்விட்டது. அதில் எனக்கு வருத்தம் ஏதுமில்லை.

எபேசுக்குப் பின் ரோமில் மரியாவின் பெயரால் ஒரு பேராலயம் எழுந்தது. அது நின்ற குன்றில் ஆகஸ்ட் மாத வெயிலில் பனி பெய்ததாக ஒரு கதை ஏற்பட்டது. அந்தக் கதையின் மாதாதான் பனி என்றால் என்னவென்றே தெரியாத முத்துக்குளித்துறையில் பனிமய மாதா ஆனாள். 1535 முதல் 1537 வரை பரதவர்கள் கூட்டம் கூட்டமாக ஞானஸ்நானம் பெற்றார்கள். 1542இல் சவேரியார் வந்தார். தூத்துக்குடியில் பனிமய மாதாவுக்கு 1713இல் கோயில் கட்டினார்கள். 1806இல் தங்கத் தேர் ஓடியது. கடைசியாக 2023இலும் ஓடியது. ஏழு கடற்றுறையின் அடைக்கலத் தாய் என்று அவளுக்குப் பட்டம். துறை, அடைக்கலம், தேர், வடம் எல்லாம் கோயில் சொற்கள்தாம். கேம்பிரிட்ஜின் சூசன் பெய்லி 1989இல் வெளியிட்ட தம் நூலில், பரதவரின் மாதா பக்தி கன்னி, மீனாட்சி வழிபாடுகளோடு உறவாடிய விதத்தை விரிவாகப் பேசுகிறார்.

வீரமாமுனிவர் இதை இன்னும் வெளிப்படையாகச் செய்தார். விருத்தாசலத்துக்குப் பக்கத்தில் கோணான்குப்பத்தில் அவர் கட்டிய கோயிலின் மாதாவுக்குப் பெரியநாயகி என்று பெயர். விருத்தாசலம் சிவன் கோயிலில் அம்பாள் பெயர் என்ன? அதுவும் பெரியநாயகி. சேலை உடுத்திக் கைக்குழந்தையோடு நிற்கும் அந்தச் சுரூபத்தை மணிலாவில் செய்வித்து வரவழைத்தார் என்பது மரபு. ஏலாக்குறிச்சி அடைக்கல மாதாவுக்குத் ‘திருக்காவலூர்க் கலம்பகம்’ பாடினார். கலம்பகம் தமிழ்த் தெய்வங்களும் மன்னர்களும் பெறும் சிற்றிலக்கியம். இத்தாலியிலிருந்து வந்த சேசுசபைக் குருவுக்கு இது தெரியாமல் செய்த காரியம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

சீர்திருத்தச் சபைகளின் நிலையைச் சீக்கிரம் சொல்லிவிடலாம்: அவர்களுக்கு அவள் மரியாள். மாதா இல்லை, தேர் இல்லை, சேலையும் இல்லை.

சரி, நம் கேள்விக்கு வருவோம். மாதா அம்மன் என்றால், அம்மனின் கோபம் எங்கே போயிற்று?

சேது நாட்டு அம்மன்களுக்குக் கோபம் இல்லாமல் வேலையில்லை. மகிஷனைக் கொல்வது கோபம். அம்மை போடுவது கோபம்; அதையே விளையாட்டு என்று பயத்தோடு சொல்வார்கள். நேர்ந்த கிடாயைக் கொடுக்காவிட்டால் வீடு தேடி வருவது கோபம். வேளாங்கண்ணி மாதாவோ, நேர்ந்த மொட்டையைப் போட மறந்தவனை விரட்டிக்கொண்டு வருவதில்லை. பால் கேட்டு வாங்கிப் பிள்ளைக்குக் கொடுக்கிறாள், நடக்க முடியாத பையனை நடக்கவைக்கிறாள், புயலில் மாட்டிய போர்த்துக்கீசியரைக் கரைசேர்க்கிறாள். மூன்று கதையிலும் தண்டனை என்ற பேச்சே கிடையாது.

கிறிஸ்தவத்தின் தாய் எங்கும் இப்படித்தான் என்று நினைத்தால் தப்பு. 626இல் அவார்கள் கான்ஸ்டாண்டிநோபிளை முற்றுகையிட்டபோது, மதில்மேல் அவள் படம் சுற்றிவந்தது. நகரத்தைக் காத்த சேனாதிபதி அவள்தான் என்று அந்நகர மக்கள் பாடினார்கள். 1571இல் லெப்பாந்தோ கடற்போரில் துருக்கியரை வென்றது செபமாலையால் என்று சொல்லி, பாப்பரசர் ஐந்தாம் பத்திநாதர் வெற்றி மாதாவுக்குத் திருநாள் ஏற்படுத்தினார். அங்கெல்லாம் அவள் போருக்குப் போனவள்தான். நம் கரைக்கு வந்தபோதுதான் வாளைக் கீழே வைத்தாள். காரணத்தைப் பைபிளில் தேடிப் பயனில்லை, சேது நாட்டுக் கிராமத்தில் தேட வேண்டும்.

ராமேஸ்வரத்தில் அம்பாள் பெயர் பர்வதவர்த்தினி, தமிழில் மலைவளர்காதலி. அவள் கோயிலில் ரத்தம் கிடையாது. ஊர் எல்லையில் நிற்கும் கருப்பனுக்கும் காளிக்கும் கிடா உண்டு. மேலே சாந்தம், எல்லையில் ஆவேசம் என்று இந்தச் சீமையில் வேலைப் பிரிவினை ஏற்கெனவே இருந்தது. மாதா வந்து உட்கார்ந்தது மாரியின் இடத்தில் அல்ல, மலைவளர்காதலியின் இடத்தில். எல்லைக் காவலை ஆண் புனிதர்கள் எடுத்துக்கொண்டார்கள். 1980களில் ராமநாதபுரம் சீமைச் சிற்றூர் ஒன்றில் தங்கி ஆய்வு செய்த டேவிட் மோஸ், கத்தோலிக்கப் புனிதர்கள் கிராமத் தெய்வ வரிசைக்குள் பொருந்திய விதத்தை நுணுக்கமாக எழுதியிருக்கிறார். அவர் சொல்வதைப் படித்த பிறகுதான் எனக்கு இந்தப் பிரிவினை கண்ணில் பட்டது.

அம்மை கண்டால் செபஸ்தியார். உடம்பெல்லாம் அம்பு தைத்து நிற்கும் அந்தப் புனிதருக்கும் உடம்பெல்லாம் முத்துப் போட்ட நோயாளிக்கும் உள்ள பொருத்தத்தை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. பேய் பிடித்தால் அந்தோனியார். வாளும் குதிரையும் சந்தியாகப்பருக்கு. தங்கச்சிமடம் வேர்க்காட்டில் ஜூலை 25இல் அவருக்குத் திருநாள். ஸ்பெயினில் முஸ்லிம்களோடு போரிடக் குதிரையேறி வந்தவர் என்று அவருக்குக் கதை. இங்கே முஸ்லிம் மரக்கலங்களும் வேதக்காரர் வள்ளங்களும் ஒரே தண்ணீரில் வலை போட வேண்டியிருந்ததால், அந்தக் கதையை யாரும் பெரிதுபடுத்தவில்லை.

தேர்ப்பவனி நாளில் ஒன்றைக் கவனியுங்கள். சிறிய சப்பரத்தில் சம்மனசு முன்னே போகும், பின்னால் புனிதர்கள், கடைசியில் மாதா. சப்பரத்தின்மேல் கைப்பிடி உப்பும் மிளகும் வந்து விழும். கல்லுப்பு மரத்தில் பட்டுத் தெறிக்கும் சத்தம் பாண்டு வாத்தியத்துக்கு நடுவிலும் கேட்கும். மருவும் பருவும் உப்பு கரைகிறமாதிரி கரைய வேண்டும் என்பது நேர்த்தி. அம்மன் கோயில் பலிபீடத்தில் கொட்டுவதும் இதே உப்பு, இதே மிளகு. பக்கத்துக் கடையில் இரண்டு கோயிலுக்கும் ஒரே பொட்டலம்தான் கட்டுகிறார்கள். மாதாவின் தேர் வரும்போது உப்போடு மல்லிகையும் சேர்ந்து விழும்.

ரத்தம் எங்கே என்று கேட்டால் ஓரியூர். தொண்டிக்கு உள்நாட்டுப் பக்கம், பாம்பாற்றங்கரை. 1693 பிப்ரவரி 4, திருநீற்றுப் புதன். சேசுசபைக் குரு அருளானந்தரை அங்கே வெட்டினார்கள். மண் சிவந்தது என்பார்கள். அந்தச் செம்மண்ணை மருந்தாக எடுத்துப்போகிறார்கள். நேர்ந்த கிடாயை வெட்டிச் சமைத்து வந்தவர்களுக்கெல்லாம் பரிமாறுவதும் அங்கே வழக்கம். மாதா கோயில்கள் ஏற்காத ஒன்றை ஓரியூர் ஏற்றுக்கொண்டது.

இந்த மரணத்துக்குக் காரணமாகச் சொல்லப்படும் பெண்ணை இங்கே நிறுத்திப் பார்க்காமல் போக முடியாது. மறவர் தலைவர் தடியத்தேவர் ஞானஸ்நானம் பெற விரும்பினார். ஒருவனுக்கு ஒருத்தி என்பது நிபந்தனை. முதல் மனைவியை வைத்துக்கொண்டு மற்றவர்களை விலக்கினார்; இனிச் சகோதரிகளாக நடத்துவதாகச் சொன்னார். விலக்கப்பட்டவர்களில் இளையவள் கடலை. சேது நாட்டை ஆண்ட கிழவன் சேதுபதிக்கு உறவுமுறையில் மருமகள். அவள் சேதுபதியிடம் போய் முறையிட்டாள். புனிதர் சரிதங்களில் அவள் பொல்லாதவளாக வருகிறாள். ராமநாதபுரம் அரண்மனையில் ராஜராஜேஸ்வரிக்கு நவராத்திரி எடுத்த குடும்பத்துப் பெண் அவள். தாயைப் போற்றும் புது மார்க்கம் ஊருக்குள் வந்த அன்று, அவளுக்கு வாழ்வு போனது. பெண் தெய்வம் எந்தப் பெயரில் வந்தாலும் பெண்ணுக்கு நல்லது என்று பேசுகிறவர்கள் கடலையின் கணக்கையும் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

அப்படியானால் மாதா, மலைவளர்காதலியின் நகல்தானா? அங்கேயும் ஒட்டவில்லை. தமிழ்க் கணக்கில் கல்யாணம் ஆன தேவி சாந்தம், கல்யாணம் ஆகாதவள் உக்கிரம். மீனாட்சி திக்விஜயம் முடித்துச் சிவனைக் கண்டதும் தணிகிறாள். கன்னியாகத் தங்கிவிட்ட தேவிகளிடம் சற்றுத் தள்ளித்தான் நிற்போம். மாதா கன்னி; ஆனால் யாரையும் தள்ளி நிற்கச் சொல்வதில்லை. இடுப்பில் குழந்தை வேறு. குழந்தையை ஏந்திய பெண் தெய்வம் தெற்கே நமக்கு இசக்கியும் பேச்சியும்தான். இரண்டு பேரிடமும் பயம் கலந்த பக்தி. கன்னி, தாய், சாந்தம் மூன்றும் ஒரே சுரூபத்தில் நிற்பதை இந்தக் கரை அதற்குமுன் பார்த்ததில்லை. மாதா கொண்டுவந்த புதுச் சரக்கு அதுதான் என்பது என் தீர்ப்பு. மற்றதெல்லாம், தேர், சேலை, மொட்டை, உப்பு, செங்கோல் எல்லாம், இங்கேயே இருந்தவை. செங்கோலை எடுத்துக்கொள்ளுங்கள்: மதுரையில் சித்திரையில் முடிசூடிச் செங்கோல் ஏந்துகிறவள் மீனாட்சி. காரங்காட்டு மீனவர் தம் மாதாவைச் செங்கோல் மாதா என்று சொல்லும்போது, இந்த மண்ணில் அரசு யார் கையில் இருக்க வேண்டும் என்பதில் புதிதாக ஒன்றும் சொல்லவில்லை.

அக்கரையைப் பார்த்தால் இதே கதை இன்னும் இறுக்கமாகத் தெரியும். ஒல்லாந்தர் மன்னாரைப் பிடித்துக் கத்தோலிக்கரை நெருக்கியபோது, 1670இல் மாந்தையிலிருந்து மாதா சுரூபத்தைக் காட்டுக்குள் கொண்டுபோனார்கள். மடு மாதா அவள். மடு மண் பாம்புக்கடிக்கு மருந்து. சிங்கள பௌத்தரும் தமிழ் இந்துக்களும் அந்தக் காட்டுக்கு வருகிறார்கள். பத்தினி, கண்ணகி வழிபாடு ஊறிய நாடு அது. மதுரையை எரித்த கண்ணகியை வற்றாப்பளையில் கும்பிடுகிறவர்களே மடுவுக்கும் போனார்கள். 2008 ஏப்ரலில் போர் நெருங்கியதும் சுரூபத்தைக் குருக்கள் தேவன்பிட்டிக்கு எடுத்துச் சென்றார்கள். ஆகஸ்டில் திரும்பக் கொண்டுவந்தார்கள். முந்நூறு ஆண்டுக்கு மேல் இடைவெளி விட்டு, இரண்டு முறையும் மாதா செய்தது ஒன்றே. எரிக்கவில்லை, சனங்களோடு சேர்ந்து இடம்பெயர்ந்தாள்.

ஆனாலும் எனக்கு ஒரு சந்தேகம் ஒட்டிக்கொண்டே இருக்கிறது. நான் எழுதியது புத்தகங்களில் ஏறிய மாதாவைப் பற்றி. கடற்கரைக் குடிசைகளில், வலை பின்னும் திண்ணைகளில், பாட்டிகள் சொல்லும் மாதா வேறாக இருக்கலாம். பொய்ச் சத்தியம் செய்தவனின் வள்ளத்தைக் கவிழ்த்த மாதா, நேர்த்தியை மறந்த வீட்டில் பிள்ளைக்குக் காய்ச்சல் வரவைத்த மாதா என்று மோர்ப்பண்ணையிலோ காரங்காட்டிலோ பாம்பனிலோ உங்கள் வீட்டில் யாராவது கதை சொல்லக் கேட்டிருக்கிறீர்களா? இருந்தால், யார் சொன்னது, எந்த ஊர், எந்த மாதா என்று குறித்து எழுதி அனுப்புங்கள். ஒரு கதை வந்தாலும் இந்த அத்தியாயத்தைத் திருத்தி எழுதுகிறேன்.

(தொடரும்)